காலருக்குள் பச்சை முடிச்சு

அன்பு மகள் கவிநிலாவுக்கு,

இத்தனை ராத்திரியில் உட்கார்ந்து எழுதுகிறேன், கோபித்துக்கொள்ளாதே. நானும் அப்பாவும் சௌக்கியம். புனேயில் விடாமல் மழை என்றாயே, உன் இருமல் நின்றதா என்பதுதான் எனக்கு முதல் கவலை. இதைப் போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் நான் கேட்கப்போவதற்கு நீ யோசிக்காமல் "விடும்மா" என்று சொல்லிவிடுவாய், அதனால்தான் கடிதம்.

இன்று சாயந்திரம் கல்வித்துறை அதிகாரியின் உத்தரவு கைக்கு வந்தது. அரசுப் பள்ளிகளுக்கு நாம் தைத்துக் கொடுத்த சீருடைக்கு நாலு வருடமாகத் தராமல் வைத்திருந்த பதினோரு லட்சத்தையும் ஒரு மாதத்துக்குள் தரச் சொல்லியிருக்கிறார்கள். இரண்டு தடவை படித்தும் நம்பாமல் அப்பாவிடம் கொடுத்து உரக்கப் படிக்கச் சொன்னேன். தப்பு என்னிடம்தான் தொடங்கியது, உனக்குத் தெரியும். பள்ளிகள் கையெழுத்துப் போட்டுத் தந்த ரசீதுகளை ஒரு ஜெராக்ஸ்கூட எடுக்காமல் பில்லோடு சேர்த்து அந்த ஆபீசில் கொடுத்துவிட்டு வந்தேன். பத்தொன்பது வயதில் உன்னைப் பெற்று, இடுப்பில் வைத்துக்கொண்டே பி.காம். முடித்தவள் செய்கிற காரியமா அது? அப்புறம் அந்த ஃபைலே காணோம், சட்டை வாங்கியதற்கே பதிவு இல்லை என்றார்கள். தட்டாஞ்சாவடியில் நம் யூனிட் வாசலில் பிள்ளைகள் அதே சட்டையைப் போட்டுக்கொண்டு போகும்போதெல்லாம் நம்மிடம் தைக்கிற அன்னக்கிளி, "அக்கா, உன் பணம் நடந்து போவுது, டாட்டா காட்டு" என்பாள். அவளுக்கும் சேர்த்து ஒன்பது பேருக்கு அந்த வேலையின் கூலி பாதிதான் கொடுத்திருந்தேன். அப்படியும் சிரிப்பாள்.

வக்கீல் தெய்வசிகாமணி சென்னை ஐகோர்ட்டில் போட்ட மனுவில், எட்டு வாரத்துக்குள் எங்களை நேரில் விசாரித்து முடிவு சொல்ல வேண்டும் என்று அதிகாரிக்கு உத்தரவானதைப் போனில் சொன்னேன் அல்லவா? அதற்கு மேல் நடந்ததைச் சொல்லவில்லை. "எதுனா ஆதாரம் கொண்டாம்மா, வெறுங்கையோட போய் நிக்க முடியாது" என்றார் வக்கீல். நான் அழுதுகொண்டிருந்தபோது அன்னக்கிளிதான் முடிச்சை ஞாபகப்படுத்தினாள். யார் எத்தனை சட்டை தைத்தார்கள் என்று கூலிக்கு எண்ண, காலருக்குள் ஆளுக்கொரு நிற நூலில் முடிச்சுப் போடுவார்களே, அதுதான். வெள்ளைச் சட்டையில் பச்சை எதற்கு என்று அவளை அப்போது திட்டியவள் நான். அரியாங்குப்பம், தவளக்குப்பம் என்று வீடு வீடாகப் போய்ப் பிள்ளைகளுக்குச் சின்னதாகிவிட்ட சட்டைகளை இரண்டு மூட்டை சேர்த்துவிட்டாள். ஒரு பைக் மெக்கானிக் கை துடைத்துக்கொண்டிருந்ததைக்கூட விடவில்லை. ஒருத்தி கொடியில் காய்ந்துகொண்டிருந்ததை உருவி, "ஈரமா இருக்கு, பரவால்லியா?" என்று கேட்டுக் கொடுத்தாளாம். யாரும் ஒரு ரூபாய் கேட்கவில்லை.

விசாரணை அன்று ஒன்பது பேரும் அன்றைய வேலையை விட்டுவிட்டுச் சொந்தக் காசில் பஸ் ஏறி வந்தார்கள். நான் மூட்டையை அவிழ்த்துக் கொட்டினேன். அன்னக்கிளிதான் அதிகாரி மேசையில் காலரைப் புரட்டிக் காட்டி, "பச்ச என்து சார், செவப்பு கன்னியம்மாளுது. இத்த எண்ணித்தான் சார் எங்களுக்குக் கூலியே" என்றாள். அவர் வெகு நேரம் ஒவ்வொரு சட்டையாகப் பார்த்தார். பிறகு எல்லாப் பள்ளிகளிலிருந்தும் ஸ்டாக் புத்தகங்களை வரவழைக்கச் சொன்னார். நம் பில்லில் இருந்த எண்ணிக்கைக்கு ஒன்றுகூடக் குறையவில்லை. அந்தப் பெண்களுக்கு நான் எப்படி நன்றி சொல்வது கண்ணு? கூலி பாக்கி வைத்தவளுக்காக வந்து நின்றார்கள்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். நாலு வருடத் தாமதத்துக்கு வட்டி கிடையாது என்று எழுதிவிட்டார்கள். அசல் வந்ததும் முதலில் இவர்கள் கூலி. மீதி பேங்க் கடனுக்கும் நூல் கடைக்கும் சரியாகப் போய்விடும். மேல்படிப்பைத் தள்ளிவைத்து வேலைக்குப் போய், மெஷின் கடனுக்கு நீ மாதாமாதம் கட்டினாயே, அதை அந்த வட்டியில்தான் உனக்குத் திருப்பித் தந்து எம்.எஸ்சி. சேர்க்க நினைத்திருந்தேன். வட்டிக்குத் தனியாகக் கேஸ் போடலாம், இரண்டு மூன்று வருடம் ஆகும் என்கிறார் வக்கீல். "போடுக்கா, பாப்பா படிக்கட்டும், இன்னொருவாட்டி சட்டை பொறுக்கிக்கினு வரோம்" என்கிறாள் அன்னக்கிளி. எனக்குக் கோர்ட் என்றாலே இன்னும் பயம்தான். ஆனாலும் நீ சொன்னால் போவேன். எனக்காகப் பார்க்காதே. இன்னும் படிக்க ஆசை இருக்கிறதா இல்லையா, அதை மட்டும் உண்மையாகச் சொல்.

நீ நோயில்லாமல், நினைத்ததெல்லாம் கைகூடி நன்றாக இருக்க வேண்டும். கஷாயப் பொடி அனுப்பியிருக்கிறேன், வெந்நீரில் போட்டுக் குடி, டப்பாவோடு வைத்துவிடாதே. வக்கீலுக்கு அடுத்த வாரம் பதில் சொல்ல வேண்டும். சீக்கிரம் எழுது.

உன் அம்மா,
தாமரைச்செல்வி