பேய் கட்டியிருந்த வாட்ச்

அன்புள்ள அம்மாவுக்கு வணக்கம். முழங்கால் வலி குறைந்ததா? அப்பா மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறாரா? நான் சுகம். சலவை ஆலையில் வேலை வழக்கம்போல.

விடுமுறை நாளில் சின்னத் தியேட்டர் ஒன்றில் பேய்ப்படங்களைப் பற்றிப் பேசுகிறேன் என்றேனே, போன வாரம் அங்கே ஒரு கூத்து. நண்பர்கள் நாலு பேர் கைக்காசு போட்டு எடுத்த படம். இந்த மாதிரிப் படங்களில் பேயைவிட எடுத்தவர்களின் துணிச்சல்தான் என்னை மிரட்டும். இதில் பேய் கையில் வாட்ச் கட்டியிருந்தது. "செத்த பிறகும் காலம் அவளை விடவில்லை" என்று, படம் முடிந்ததும் விளக்கித் தள்ளினேன். கடைசி வரிசையில் ஒருவர் எழுந்தார்.

"சார், நான்தான் டைரக்டர். அது கழட்ட மறந்துபோச்சு."

அரங்கமே சிரித்தது. என் முகத்தில் ஈயாடவில்லை. இனி மைக்கையே தரமாட்டார்கள் என்று நினைத்தேன். அவரோ வந்து கட்டிக்கொண்டார்.

"எல்லாரும் அதைத் தப்புன்னாங்க. நீங்க ஒருத்தர்தான் எங்களை நம்பிப் பாத்தீங்க. இனிமே அதுக்கு அர்த்தம் அதுதான்!"

போன உயிர் திரும்பி வந்தது, அம்மா. அடுத்த படத்துக்கும் நானே பேச வேண்டுமாம்.

அந்தப் படத்துக்குக் கதவு கிறீச்சிடும் சத்தம் தேடுகிறார் டைரக்டர். நம் கொல்லைக் கதவை விட்டால் ஏது? அப்பாவை எண்ணெய் போட விடாதே. போனில் பதிவு செய்து அனுப்பு. நடுவில் நீ அப்பாவைத் திட்டினால் அந்தப் பகுதியை வெட்டிவிடாதே. அது படத்துக்கு இல்லை, எனக்கு.

ஷிப்டுக்கு மணி அடிக்கிறது, ஓடுகிறேன்.

நீ சொல்வாயே, அந்தப் பேய் பிடித்த
உன் மகன்