ராஜகுமாரன் மீசை

கொல்லம் ஆண்டு 1112, மாசி 9. மணவாளக்குறிச்சி

வெயில். கறுப்பு மணல், கால் வைக்க முடியல்ல. படம் பிடிக்க வேற இடமே கிடைக்கல்லியா இவனுகளுக்கு?

காலையில புட்டும் பயறும். ராஜகுமாரன் வேஷக்காரருக்கு மட்டும் இட்லி வேணுமாம். நாகர்கோவிலுக்குக் கார் போச்சு. (இனி ரா.கு.ன்னுதான் எழுதுவேன், முழுசா எழுத மை தண்டம்.)

ரா.கு. சிலம்பக் கம்பைத் துடைப்பம் மாதிரிப் பிடிக்கான். நான் ஒரு சுத்து சுத்தினதும் கண்ணை மூடிக்கிட்டான். சண்டைப் படத்துக்கு நாயகன்! தூ.

மாசி 10

என் சண்டையை வெட்டிட்டாரு பட முதலாளி. கொள்ளைக்காரனுகளை நான் அடிக்கிற சண்டை. "பொம்பள அடிச்சு ஆம்பள விழுந்தா சனம் சிரிக்கும்மா."

சிரிக்கட்டுமே. இனி நான் தென்னமரத்துல கட்டிக் கிடந்து அலறணுமாம். அலற நான் எதுக்கு, ரா.கு. போதாதா?

இந்தப் படத்துக்கு வந்ததே அந்தச் சண்டைக்குத்தான். அப்பா எனக்கும் அண்ணனுக்கும் ஒண்ணாத்தான் கம்பு சொல்லிக் கொடுத்தாரு. "கம்பை விட்டுட்டு ஆட்டக்காரியாப் போயிட்டா"ன்னு அண்ணன் ஓதி ஓதி, சுசீந்திரத்துல அம்மா என்கிட்ட பேச்சையே நிறுத்திட்டா. நான் கம்பை விடல்லன்னு ஒருக்கா அவ கண்ணால பார்க்கணும். அவ்வளவுதான்.

மாசி 12

சிரிப்பா வருது, எழவு. பாறையில இருந்து கீழே சாட ரா.கு.வுக்குப் பயம். வயித்துவலியாம்.

முதலாளி பைய வந்தாரு. "நீ சாடுவியாம்மா? தூரத்துல எடுத்தா முகம் தெரியாது."

மீசை, தலைப்பாகை, பசை நாத்தம். சாடினேன். அத்தனை பேரையும் அடிச்சு விழுத்தினேன். கட்டிக் கிடந்தவளும் நான், காப்பாத்த வந்தவனும் நான். முடிஞ்சதும் ரா.கு. வயித்துவலி மாறி, தலைப்பாகையை வாங்கி வச்சுக்கிட்டு போட்டோவுக்கு நின்னான்.

வெளியில மூச்சு விடப்பிடாதாம்.

ஆனி 20. நாகர்கோவில்

மழை. நம்ம படம் ஓடுற கொட்டகை ஒழுகுது. நோட்டீஸ்ல ரா.கு. பேரு பூசணிக்கா, என் பேரு கடுகு. முக்காடு போட்டுப் பெண்கள் பக்கம் இருந்தேன். பாறையில இருந்து "ரா.கு." சாடினதும் விசில், கூப்பாடு. பக்கத்துல ஒருத்தி, "ஆம்பளன்னா இவனாக்கும் ஆம்பள!"

படம் விட்டதும் வாசல்ல அண்ணன் குரல். "கால் வச்சதைப் பார்த்தீரா வே? எங்க வீட்டுக் கம்புச் சுவடாக்கும். அந்தப் பயலுக்கு நான்தான் சொல்லிக் கொடுத்தேன்."

ரா.கு.வை இவன் கண்டதே கிடையாது. ஆனா அந்தக் காலு யாருதுன்னு தெரியும். சின்னதுல இவன் கம்பு பட்டுத்தான் என் இடது கணுக்கால் கோணிச்சு. திரும்பையில அது வெளியே சாயும். திரையிலயும் சாஞ்சுது. தெரிஞ்சுக்கிட்டே பெருமை அடிக்கான், வெக்கங்கெட்ட மூதி.

ஆனி 21

மழை விடல்ல. மெட்ராஸ் போக பெட்டி கட்டினேன். மனசு கேக்கல்ல. சுசீந்திரம் பஸ் ஏறினேன்.

வீட்டு நடையில அண்ணன். "யாரைப் பார்க்கணும்?"

"ராஜகுமாரனுக்குச் சுவடு சொல்லிக் கொடுத்த ஆசானை."

சத்தம் கேட்டு அடுப்படியில இருந்து அம்மா வந்தா. நேத்து அவளும் கொட்டகையில இருந்திருக்கா, எனக்குத் தெரியாது. என் முகத்தைப் பார்க்கல்ல. இடது காலையே பார்த்துக்கிட்டு நின்னா.

"மீசை ஒனக்குச் சேரல்லட்டி"ன்னா. "காலைக் கழுவிட்டு உள்ள வா."

அண்ணன் வழி விட்டு மாறி நின்னான்.