பாட்டே போடாத மாப்பிள்ளைக்கு

என் அருமை மாப்பிள்ளை யூர்கன்,

நேற்று உங்கள் முதல் வருஷ நினைவு நாள். இங்கே தீவில், நம் பெரார்கஞ்ச் வீட்டில் பந்தல் போட்டு, படையல் வைத்து, அக்கம்பக்கத்துக்கெல்லாம் சாப்பாடு போட்டோம். ஜெர்மனியிலிருந்து என் தங்கை சாந்தியும் வந்திருந்தாள். எனக்கு இன்னும் வயிற்றெரிச்சல் அடங்கவில்லை. யாரிடம் கொட்டுவது? உங்களிடம்தான் கொட்டுகிறேன்.

நர்ஸ் வேலைக்குப் போன இடத்தில் என் தங்கை உங்களைக் கட்டிக்கொண்டபோது, "மாப்பிள்ளை மியூசிக் டைரக்டர்" என்று நான்தான் தம்பட்டம் அடித்தேன். சொந்தக்காரர்கள் கேட்டது ஒரே கேள்வி: "எத்தனை பாட்டு போட்டிருக்காரு?" ஒன்றுகூட இல்லை. ஆயுசு முழுக்க டிவி போலீஸ் தொடர்களுக்கும், வந்த வேகத்தில் பெட்டிக்குள் போன படங்களுக்கும் பின்னணி இசை. பாட்டே போடாதவர் என்ன மியூசிக் டைரக்டர் என்று அன்றைக்கே முடிவு கட்டிவிட்டார்கள்.

உங்கள் ஊரில் மட்டும் என்ன வாழ்ந்தது? பரிசெல்லாம் டைரக்டருக்கு. கடைசியில் ஓடும் பெயர்களில் உங்கள் பெயர் வருவதற்குள் விளம்பரம் வந்துவிடுமாமே! சாந்தி சொல்லிச் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

"ஒரே ஒரு பாட்டு போடுங்க மாப்ளே, என் மானத்தைக் காப்பாத்துங்க" என்று வண்டூர் கடலில் படகில் போகும்போது கெஞ்சினேனே, ஞாபகம் இருக்கிறதா? நீங்களோ இன்ஜினை நிறுத்தச் சொல்லிவிட்டு, காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தீர்கள். "மச்சான், பாட்டு வந்தா ஆளு என்னைப் பாக்கும். படத்துல அழற அம்மாவை யார் பாக்கும்?" என்று அரைகுறைத் தமிழில் ஒரு பதில். நல்ல பதில், போங்கள்!

நேற்று உங்கள் இசையை மைக்செட்டில் போடச் சொன்னேன். பந்தியில் இருந்தவர்கள் பாட்டு வரும் வரும் என்று பார்த்துவிட்டு, ஊர்க்கதை பேச ஆரம்பித்தார்கள். "பையா, கானா கப் ஆயேகா?" பாட்டு எப்போது வரும் என்று இந்தியில் கேட்டான் மைக்செட்காரன் தபன். "நஹி ஆயேகா. பாட்டே கிடையாது" என்றேன். அவன் என்மேல் பரிதாபப்பட்டு, ஒரு குத்துப்பாட்டைப் போட்டுவிட்டான். நினைவு நாளில், மாப்பிள்ளை! ஒயரைப் பிடுங்கி எறிந்தேன்.

சாந்திதான் என்னைச் சமாதானப்படுத்தி, உங்கள் போலீஸ் தொடரிலிருந்து ஒரு காட்சியை டிவியில் போட்டாள். மகன் இனி வரமாட்டான் என்று தெரிந்துகொண்ட தாய், அவனுடைய சட்டையை மடித்து வைக்கிறாள். ஒரு வசனம் கிடையாது. உங்கள் இசை மட்டும்தான். வெற்றிலை மென்ற வாய்களெல்லாம் நின்றுவிட்டன. பெரிய அத்தை முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். அப்பாடா, ஒரு தடவையாவது கேட்டார்களே என்று என் நெஞ்சு குளிர்ந்தது.

அத்தை மூக்கை உறிஞ்சிக்கொண்டு கேட்டாள்: "என்னமா நடிக்கிறா! யாருடா அந்தப் பொம்பளை?"

அந்த நடிகையைப் பற்றியே பேசிக்கொண்டு எல்லோரும் கலைந்து போனார்கள். இப்போது உங்களுக்குத் திருப்திதானே? நீங்கள் நினைத்த மாதிரியே நடந்துவிட்டதே! எனக்குத்தான் மனசு ஆறவில்லை.

அடுத்த வருஷமும் அதே காட்சியைப் போடுவேன். முதலில் சத்தத்தை அணைத்துவிட்டு. அத்தை அழுகிறாளா, பார்க்கிறேன். அப்புறம் சத்தத்தோடு போட்டு, அவள் முந்தானையைத் தேடும் நேரம் பார்த்து, உங்கள் பெயரை அவள் காதிலேயே சொல்வேன். இது சத்தியம்.

சாந்தியின் அண்ணன்,
நீங்கள் முதன்முதலில் கற்றுக்கொண்ட தமிழ்ச் சொல்லுக்குச் சொந்தக்காரன்,
உங்கள் மச்சான் முருகேசன்