நிரந்தர முகவரி

பிப்ரவரி 3

அன்புள்ள பூட்டுக்கு,

சௌக்கியமா என்று கேட்டால் "எனக்கென்ன கேடு" என்பாய். அதனால் கேட்கவில்லை. முழங்காலுக்கு மருந்து தடவுகிறாயா என்று மட்டும் எழுது.

'பெண்கள் நல ஆலோசகர்' என்ற பலகைக்குப் பின்னால் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். மேசை நம் சாப்பாட்டு அறையைவிட நீளம். ஒரு மணி இருக்கிறது, அமுக்கினால் பியூன் வருகிறார். முதல் நாள் அவர் உள்ளே வந்ததும் நான் சட்டென்று எழுந்து நின்றுவிட்டேன். மனிதர் மிரண்டுபோய் வெளியே ஓடிவிட்டார். இருபத்திரண்டு வருடம் இந்தக் கட்டடத்து வாசலில் நின்று கத்தியிருக்கிறேன். உள்ளே எப்படி நடந்துகொள்வது என்று யார் சொல்லித் தந்தார்கள்? இங்கே யாரும் என்னை மைக் என்று கூப்பிடுவதில்லை. நானும் மெதுவாகப் பேசப் பழகிக்கொண்டிருக்கிறேன். சிரிக்காதே.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். கணவனை விட்டு வெளியே வந்த பெண்களுக்கு ஓர் அட்டை தரச் சம்மதம் வாங்கிவிட்டேன். அதைக் காட்டினால் தகப்பன் கையெழுத்து இல்லாமல் பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கலாம். ஆஸ்பத்திரியில் "வீட்டுக்காரர் வரலையா?" என்று யாரும் கேட்கக் கூடாது. நீயும் நானும் எத்தனை தலைமையாசிரியர் அறை வாசலில் கால் கடுக்க நின்றிருக்கிறோம்! இத்துடன் ஒன்பது படிவங்கள் வைத்திருக்கிறேன். நம் வீட்டில் அடைக்கலமாக இருப்பவர்களிடமிருந்துதான் ஆரம்பிக்க வேண்டும்.

உன்,
மைக்

பிப்ரவரி 12

அன்புள்ள மைக்குக்கு,

இனிமேல் 'மதிப்பிற்குரிய ஆலோசகர் அவர்களுக்கு' என்று எழுத வேண்டுமோ? உன் கடிதத்தில் அரசு முத்திரையைப் பார்த்துவிட்டு தையற்கடைக்காரர் ஏதோ சம்மன் வந்துவிட்டது என்று பயந்து, பாவாடைத் துணிக்குள் சுருட்டி எடுத்துவந்தார்.

சமையலறைக் குழாய் மறுபடியும் ஒழுகுகிறது. நீ இருந்தால் கயிறு கட்டியாவது நிறுத்துவாய். புதிதாக ஒருத்தி வந்திருக்கிறாள். பாலர் பள்ளியில் பாடம் சொல்லிக்கொடுத்தவள், அதனால் எல்லாருக்கும் டீச்சர். கணவனிடம் வாங்கிய அடியில் இடது காது கேட்கவில்லை. ஐந்து வயது மகள் கூட வந்திருக்கிறாள். பாப்பாவை ஜூனில் ஒன்றாம் வகுப்பில் சேர்க்க வேண்டும் என்பதைத் தவிர டீச்சருக்கு வேறு பேச்சே இல்லை. பருப்பு கழுவும்போதும் அதேதான்.

படிவத்தைப் பார்த்தேன். நிரந்தர முகவரி, தற்போதைய முகவரி என்று இரண்டு கட்டம். இந்த வீட்டு விலாசத்தை எந்தக் காகிதத்திலும் எழுதக் கூடாது என்று சட்டம் போட்டது யார்? கேஸ் சிலிண்டர்கூடத் தையற்கடையில்தான் வந்து இறங்குகிறது, அங்கிருந்து நான் உருட்டிக்கொண்டு வருகிறேன். போனும் வேண்டாம் என்றாய். இந்த வயதில் இரண்டு பேரும் காதலர்கள் மாதிரி கடிதம் எழுதிக்கொண்டிருக்கிறோம். இப்போது நீயே கட்டம் போட்டு அனுப்புகிறாய். நான் நிரப்ப மாட்டேன். கோபம் வந்தால் வரட்டும்.

இப்படிக்கு,
பூட்டு

பிப்ரவரி 20

அன்புள்ள பூட்டுக்கு,

கோபம் இல்லை, வருத்தம்தான். முகவரி இல்லாமல் அட்டை தர முடியாது என்று செயலாளர் ஒற்றைக்காலில் நிற்கிறார். மூன்று நாள் மல்லுக்கட்டினேன். கடைசியில் ஒன்றுக்கு ஒத்துக்கொண்டார்: படிவங்கள் என் அறை அலமாரியில் இருக்கும், சாவி என்னிடம் இருக்கும். வேறு யாரும் தொட முடியாது.

எவளோ ஓர் அதிகாரி கேட்கிறாள் என்று நினைக்காதே. நான் கேட்கிறேன். அந்த வீட்டுக் கதவுக்கு முதல் தாழ்ப்பாள் அடித்தது யார்? ஞாயிற்றுக்கிழமை நானே வருகிறேன். காரை மூன்று தெரு தள்ளி நிறுத்திவிட்டு நடந்து வருவேன். என் கையாலேயே எழுதி, என் பையிலேயே எடுத்துப்போகிறேன். என்னை நம்ப மாட்டாயா?

உன்,
மைக்

மார்ச் 15

அன்புள்ள மைக்குக்கு,

நீ வந்துபோனதிலிருந்து வீடு கலகலவென்று இருக்கிறது. குழாயையும் சரிசெய்துவிட்டாய், அதிகாரி என்ற கர்வம் கொஞ்சம்கூட இல்லை என்று எல்லாரும் உன் புராணம்தான் பாடுகிறார்கள். என் சமையலைப் பற்றி யாராவது இப்படிப் பேசியிருப்பார்களா?

உன்னிடம் ஒன்று சொல்லவில்லை. அன்று நீ பேனாவைத் திறந்தபோது டீச்சர் என்னைச் சமையலறைக்குக் கூப்பிட்டாள். "அக்கா, இவங்கள நம்பலாமா?" என்றாள். "என்னை நம்புறியா?" என்று கேட்டேன். "உங்களை நம்பாம வேற யாரை நம்புவேன்?" என்றாள். "அப்ப இவளையும் நம்பு. நானும் அவளும் ஒண்ணுதான்" என்றேன். பிறகுதான் வந்து உட்கார்ந்து இரண்டு கட்டத்துக்கும் விலாசம் சொன்னாள்.

பாப்பாவுக்குப் பழைய சேலைத் துணியில் பள்ளிப் பை தைத்தாகிவிட்டது. அதை மாட்டிக்கொண்டே தூங்குகிறாள். அட்டையைச் சீக்கிரம் அனுப்பு.

உன்,
பூட்டு

ஏப்ரல் 9

மைக்,

உட்கார்ந்து படி.

நேற்றுக் காலை பதினொரு மணிக்குக் கதவு தட்டும் சத்தம். துவாரம் வழியாகப் பார்த்தேன். இஸ்திரி போட்ட சட்டை, கையில் அரசு உறை. "யாரு?" என்றேன். "அட்டை விஷயமா வந்திருக்கேங்க, சரிபார்க்கணும்" என்றான். காகிதத்தைக் கதவுக்கடியில் தள்ளினான். உங்கள் முத்திரை இருந்தது. கீழே உன் கையெழுத்து இருந்தது. அந்தக் கையெழுத்தை நான் தூக்கத்திலும் அடையாளம் சொல்வேன். இத்தனை வருடத்தில் யாருக்கும் முதல் தட்டலில் கதவைத் திறந்ததில்லை. உன் கையெழுத்தைப் பார்த்துத் திறந்துவிட்டேன்.

அவன் டீச்சரின் கணவன்.

சத்தம்கூடப் போடவில்லை. முற்றத்தில் விளையாடிக்கொண்டிருந்த பாப்பாவைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டான். "வீட்டுக்குப் போலாமா கண்ணு? அம்மாவும் வருவா" என்றான். நான் குறுக்கே போய் நின்றேன். டீச்சர்தான் என் கையைப் பிடித்து விலக்கினாள். "விடுங்கக்கா. பாப்பா அவர் கையில இருக்கா" என்றாள். செருப்புகூடப் போடவில்லை, பின்னாலேயே போய்விட்டாள்.

அவன் விட்டுப்போன காகிதம் என் முன்னால் இருக்கிறது. 'தங்கள் விண்ணப்பம் பெறப்பட்டது' என்று அவள் பெயருக்கு எழுதி, அவன் வீட்டு விலாசத்துக்கு அனுப்பியிருக்கிறீர்கள். அடியில் 'தற்போதைய முகவரி' என்று போட்டு இந்தத் தெரு, இந்தக் கதவு எண், எல்லாம் தட்டச்சு செய்திருக்கிறது. ஏன்?

பூட்டு

ஏப்ரல் 14

பூட்டு,

எப்படி எழுதுவது என்று தெரியவில்லை.

விண்ணப்பம் எதுவானாலும் பெற்றுக்கொண்டோம் என்று நிரந்தர முகவரிக்குக் கடிதம் போடுவது இங்கே வழக்கமாம். விவரங்களைப் பதிவேட்டில் ஏற்ற வேண்டும் என்று கேட்டார்கள். அலமாரியைத் திறந்து, நானே பக்கத்தில் உட்கார்ந்து ஏற்ற வைத்து, மறுபடி பூட்டிவிட்டேன். பத்திரம் என்று நினைத்தேன். மாதிரிக் கடிதத்தையும் என் மேசையில் கொண்டுவந்து வைத்தார்கள். எழுத்துப் பிழை திருத்தினேன். 'மனுதாரர்' என்பதை அடித்துவிட்டு 'அன்புச் சகோதரி' என்று மாற்றி, எல்லாக் கடிதத்திலும் அச்சிடக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தேன். இதை எங்கே அனுப்புவீர்கள் என்று கேட்கவில்லை. அந்த ஒரு கேள்வியை நான் கேட்கவில்லை.

முதல் தவணையில் நம் வீட்டிலிருந்து அவளுடையது மட்டும்தான் போயிருக்கிறது. மீதியை நிறுத்திவிட்டேன். பாப்பாவுக்குப் பள்ளி திறப்பதற்குள் அட்டை வந்துவிட வேண்டும் என்று அவள் படிவத்தை நானேதான் எடுத்து மேலே வைத்தேன்.

போலீசை அனுப்பினேன். டீச்சர் வாசலில் வந்து நின்று "நான் நல்லாத்தான் இருக்கேன்" என்றாளாம். அவன் பக்கத்திலேயே நின்றானாம். தானாகப் போனவளை என்ன செய்வது என்று திரும்பிவிட்டார்கள். மறுபடி அனுப்புகிறேன். விடமாட்டேன். ஒரு வரியாவது எழுது.

மைக்

ஜூலை 2

மைக்,

போன செவ்வாய்க்கிழமை டீச்சர் இறந்துவிட்டாள். மாடிப்படியில் விழுந்தாள் என்கிறார்கள். பாப்பா அவன் அம்மாவிடம் இருக்கிறாள். நான் போனேன். முகத்தைப் பார்க்க விடவில்லை.

மறுநாள் தையற்கடைக்காரர் செய்தித்தாள் கொண்டுவந்தார். அரை பக்கத்துக்கு உங்கள் விளம்பரம், உன் படம். அட்டைத் திட்டத்தின் சாதனைகள் என்று வரிசையாகப் போட்டிருக்கிறது. பள்ளியில் சேர்ந்த குழந்தைகள் தொண்ணூற்றாறு. அதற்கு அடுத்த வரி, 'குடும்பத்துடன் மீண்டும் இணைந்தவர்: ஒருவர்.' அடியில் உன் கையெழுத்து.

அந்த ஒருவர் யார்?

பூட்டு

ஜூலை 8

பூட்டு,

அவள்தான். தெரிந்துதான் கையெழுத்துப் போட்டேன்.

அட்டை குடும்பங்களைக் கெடுக்கிறது என்று ஒரு கூட்டம் கத்திக்கொண்டிருந்தது. அவர்களுக்கு இந்த வரி வாயடைப்பாக இருக்கும் என்றார் செயலாளர். அதை எடுங்கள் என்றேன். "மேடம், தொண்ணூத்தாறு பிள்ளைங்க ஸ்கூல்ல இருக்காங்க. ஒரு வரிக்காக எல்லாத்தையும் இழுத்து மூடணுமா?" என்றார். அப்போது அவள் உயிரோடு இருந்தாள். எப்படியாவது மீட்டுவிடலாம் என்று நினைத்துக்கொண்டு போட்டேன். பழைய நானாக இருந்தால் அந்தக் காகிதத்தைக் கிழித்து அவர் மேசையிலேயே போட்டிருப்பேன்.

ராஜினாமாக் கடிதம் எழுதி வைத்துவிட்டேன். நான் அங்கே வந்துவிடுகிறேன். பாத்திரம் கழுவுகிறேன், சிலிண்டர் உருட்டுகிறேன். நீ என்னுடன் பேசக்கூட வேண்டாம். முன்பு போலச் சமையலறையில் ஒரு பாய் போட இடம் கொடு, அது போதும். நான் வேறு எங்கே போவேன்?

மைக்

ஆகஸ்ட் 1

அன்புள்ள மைக்குக்கு,

உன்மேல் கோபம் இல்லை என்று எழுதினால் அது பொய். ஆனால் அதில் பாதி என்மேல் இருக்கும் கோபம். நீ கையெழுத்துப் போட்டாய், நான் கதவைத் திறந்தேன். 'நானும் அவளும் ஒண்ணுதான்' என்று அவளிடம் சொன்னேன். அது உண்மையாகிவிட்டது.

ராஜினாமா செய்யாதே. உன்னைச் சமாதானப்படுத்த இதைச் சொல்லவில்லை. அந்தத் தொண்ணூற்றாறு பிள்ளைகளுக்கு அடுத்த வருடமும் அட்டை வேண்டும். படிவத்தில் இருந்து அந்த இரண்டு கட்டங்களையும் எடு. நீ வெளியே வந்துவிட்டால் உன் நாற்காலியில் வந்து உட்காருகிறவளுக்கு எதை எடுக்க வேண்டும் என்றே தெரியாது. பாப்பாவை மீட்க வழக்குப் போட்டிருக்கிறேன். உன்னைச் சாட்சிக்குக் கூப்பிடுவார்கள். வந்து, எனக்கு எழுதியதை அப்படியே அங்கேயும் சொல். மெதுவாகப் பேசாதே.

நாங்கள் வீடு மாறிவிட்டோம். விலாசம் வெளியே போன வீட்டில் எப்படி இருப்பது? எங்கே என்று உனக்குச் சொல்லமாட்டேன். தையற்கடைக்கும் இனி எழுதாதே, கடிதம் வந்தால் பிரிக்காமல் திருப்பிவிடும்படி சொல்லியிருக்கிறேன். உன் பாயும் இரண்டு சேலையும் தையற்கடையில் இருக்கின்றன, ஆள் அனுப்பி வாங்கிக்கொள். இதை எழுதக் கை வரவில்லை. என் பாதி ஆயுள் நீதான். தலைவலி வந்தால் இன்னும் உன்னைத்தான் கூப்பிடுகிறேன்.

நேற்று ஒருத்தி வந்தாள். உதடு கிழிந்திருந்தது. உள்ளே வந்து உட்காரக்கூட இல்லை, "இந்த வீடு யார் யாருக்குத் தெரியும்?" என்று கேட்டாள். "இங்க இருக்கறவங்களுக்கு மட்டும்தான்மா" என்றேன். சொல்லி முடிப்பதற்குள் எனக்கு அழுகை வந்துவிட்டது. பாவம், அவள் பயந்துபோய், "நான் ஏதாவது தப்பாக் கேட்டுட்டேனா?" என்றாள்.

இப்படிக்கு,
பூட்டு