பெயர் சொல்லிக் கூப்பிட்டால் போதும்

மார்ச் 3, திங்கள்

குக்கர் அடங்குவதற்குள் ஆஸ்பத்திரியிலிருந்து போன். எந்த டாக்டருக்கும் ரிப்போர்ட் திறக்கவில்லையாம். அடுப்பைக் கணவரிடம் ஒப்படைத்துவிட்டு ஓடினேன்.

போய்ப் பார்த்தால் ரிப்போர்ட் சேவை ஜோராக ஓடிக்கொண்டிருக்கிறது. எந்தச் சேவையின் பெயரைச் சொன்னாலும் அது இப்போது இருக்கும் முகவரியைச் சொல்லும் டிஎன்எஸ்ஸும் ஒழுங்காகப் பதில் சொல்கிறது. டாக்டர்கள் பார்க்கும் முகப்புச் செயலிதான் ஆளில்லாத முகவரிக்குப் போய்க் கதவைத் தட்டிக்கொண்டிருந்தது. அது எங்கே போக வேண்டும் என்று எழுதி வைத்திருக்கும் கான்ஃபிக் கோப்பைத் திறந்தேன். எண்! ரிப்போர்ட் சேவை என்று பெயர் போட வேண்டிய இடத்தில் அதன் முகவரியான ஐபி எண்ணைக் கையால் எழுதி வைத்திருக்கிறார்கள். மெஷின்களையெல்லாம் சேர்த்துக் கட்டிய கிளஸ்டர் என் பொறுப்பு. நேற்று பராமரிப்புக்காக அதில் ஒரு மெஷினை நிறுத்தினேன். ரிப்போர்ட் சேவை ஓடிக்கொண்டிருந்த கன்டெய்னர் வேறு மெஷினில், வேறு எண்ணோடு எழுந்தது. அப்படித்தான் எழும். அதற்குத்தானே கிளஸ்டர்?

எழுதியது யார் என்று கேட்கவே வேண்டாம். செயலிக் குழுவின் தலைவர், நாங்கள் மனப்பாடம் என்று கூப்பிடுகிறவர். பழைய சர்வர்கள் அத்தனையின் எண்ணையும் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பார்.

எண்ணைப் பெயராக மாற்ற நேரமில்லை என்றார்கள். புது எண்ணைப் போட்டு ஓட்டியாயிற்று. அடுத்த முறை மாறும்போது?

மார்ச் 4, செவ்வாய்

மேலாளர் அறை. மேஜையில் ஓர் அறிக்கை: ‘கிளஸ்டர் கோளாறால் தடை ஏற்பட்டது.’ கீழே என் பெயர், கையெழுத்துக்கு இடம்.

“ஒரு கையெழுத்துதானே மேடம். போட்டுட்டா விஷயம் முடிஞ்சுது” என்றார் மேலாளர்.

மனப்பாடம் பக்கத்து நாற்காலியில். “பழைய சர்வர்ல நம்பர் மாறினதே கிடையாது சார். எல்லாக் கன்டெய்னருக்கும் நிரந்தர நம்பர் குடுத்துடலாம். கிளஸ்டரை இனிமே நானே பாத்துக்கறேன்.”

எவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டார்! நான் ஒவ்வொன்றாகக் கட்டியதை வாங்கிக்கொண்டு, எல்லாவற்றையும் இருந்த இடத்திலேயே ஆணியடித்து வைப்பாராம். ஒரு மெஷின் படுத்தால் அதிலிருப்பவை எல்லாம் சேர்ந்து படுக்கும். அதற்கும் என் தலைதான் உருளும்.

“போட மாட்டேன் சார்.”

“யோசிச்சு சொல்லுங்க.”

“யோசிச்சுதான் சொல்றேன்.”

பிறகு நானே ஒரு பந்தயம் வைத்தேன். கான்ஃபிக்கில் எண்ணை எடுத்துவிட்டுப் பெயரைப் போடட்டும். திங்களன்று, சோதனைக்கென்றே தனியாக இருக்கும் டெஸ்ட் கிளஸ்டரில், எல்லோர் முன்னாலும், ரிப்போர்ட் கன்டெய்னர்களை நிறுத்தி வேறு இடத்தில் எழுப்புகிறேன். முகப்பு விழுந்தால் கையெழுத்துப் போடுகிறேன், கிளஸ்டரையும் கொடுத்துவிடுகிறேன். விழாமல் நின்றால் அந்தத் தாளைக் கிழித்துப் போட வேண்டும். இருவரும் சரி என்றார்கள்.

மார்ச் 5

நேற்று அந்தப் பந்தயத்தை வைத்தது அவசரமோ என்று இன்று தோன்றியது உண்மை. வைக்கும்போது தோன்றவில்லை. போதும்.

மார்ச் 6, வியாழன்

அக்கா போன் செய்தாள். வீட்டில் அவர்தான் சொல்லியிருக்கிறார் போல.

“உன் மேல தப்பு இருக்கா டீ? இருந்தா கையெழுத்தைப் போட்டுத் தொலை.”

இல்லை என்று விளக்கினேன். நிறைய மெஷின்களைச் சேர்த்துக் கட்டியது கிளஸ்டர். அதில் ஒவ்வொரு புரோகிராமும் ஒரு சின்னப் பெட்டிக்குள் ஓடும், அதுதான் கன்டெய்னர். பெட்டி இன்றைக்கு இங்கே இருக்கும், நாளைக்கு வேறெங்கோ எழும். முகவரி மாறும், பெயர் மாறாது. அதனால் டிஎன்எஸ்ஸிடம் பெயரைச் சொல்லி, இப்போது எங்கே என்று கேட்டுவிட்டுத்தான் போக வேண்டும்.

“வாடகை வீட்டுக்காரின்னு சொல்லு. என்னை மாதிரி.”

போன வாரம்தான் மறுபடியும் வீடு மாறினாள். இருவரும் சிரித்தோம்.

மார்ச் 10, திங்கள்

விழுந்துவிட்டது.

கான்ஃபிக்கில் பெயர்தான் இருந்தது, என் கண்ணாலேயே பார்த்தேன். கன்டெய்னர்களை நிறுத்தினேன், புதியவை எழுந்தன, டிஎன்எஸ் புது முகவரிகளைச் சரியாகச் சொன்னது. முகப்போ பழைய முகவரியிலேயே முட்டிக்கொண்டு நின்றது. பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். மனப்பாடம் சிரிக்கவில்லை. “அப்பவே சொன்னேன்” என்றார், அது இன்னும் எரிந்தது. மேலாளர் பேனாவை நீட்டினார்.

“வெள்ளிக்கிழமை வரைக்கும் டைம் குடுங்க சார். சொன்ன வார்த்தையை மாத்த மாட்டேன். ஆனா ஏன் விழுந்துச்சுன்னு தெரியாம போட மாட்டேன்.”

மார்ச் 11

சாப்பாடு இறங்கவில்லை. அவர் தட்டை எடுத்துக்கொண்டு போனார். மனசுக்குள் ஒரே கேள்வி: பேரைத்தானே போட்டாங்க? அப்புறம் ஏன் பழைய இடத்துக்கே போய் நிக்குது? எனக்கென்ன பைத்தியமா புடிச்சிருக்கு? இல்ல. எங்கேயோ ஏதோ பழசைப் பிடிச்சுக்கிட்டு இருக்கு. விட மாட்டேன்.

மார்ச் 12, புதன்

சாயங்காலம் அக்கா. ஒரே புலம்பல். புது வீட்டுக்கு வாங்கிய மின்விசிறி பழைய வீட்டுக்குப் போய்விட்டதாம்.

“கடைக்காரன் என்னைக்கோ ஒரு நாள் அட்ரஸ் கேட்டான், சொன்னேன். அதையே வெச்சுக்கிட்டு இருக்கான். அனுப்பும்போது ஒரு வார்த்தை கேட்டிருந்தா சொல்லியிருக்க மாட்டேனா?”

“அக்கா, போனை வை!”

“என்னடீ இது!”

லேப்டாப்பைத் திறந்து டிஎன்எஸ் பதிவுகளைப் பார்த்தேன். திங்கள் முழுக்க முகப்பு கேட்டது ஒரே ஒரு முறை, காலையில் எழுந்தவுடன். அதன் பிறகு கேட்கவே இல்லை. கிடைத்த முதல் பதிலை நினைவில் வைத்துக்கொண்டு, சாகும்வரை அதையே பிடித்துக்கொண்டிருக்கும்படி எழுதியிருக்கிறார்கள். பதிலுடன் டிஎன்எஸ் இது இவ்வளவு நேரம்தான் செல்லும் என்று ஓர் ஆயுளும் சொல்லி அனுப்புகிறது, சில விநாடிகள்தான். அதை யார் மதித்தார்கள்? புரோகிராமுக்கும் மனப்பாடம் செய்யக் கற்றுக்கொடுத்திருக்கிறார் மனுஷன்!

அக்காவுக்குத் திரும்பக் கூப்பிட்டு மன்னிப்புக் கேட்டேன். மின்விசிறி என்ன ஆனது என்று கேட்க மறந்துவிட்டேன்.

மார்ச் 14, வெள்ளி

சரிசெய்ய வேண்டியது ஒரே வரி. பதிலின் ஆயுள் முடிந்ததும் மறந்துவிட்டு மறுபடி கேள். அவ்வளவுதான்.

அதே அறை, அதே கூட்டம். கன்டெய்னர்களை நிறுத்தினேன். முகப்பு ஒரு கணம் தடுமாறியது. பிறகு ரிப்போர்ட் திறந்தது.

மனப்பாடம் எழுந்து வந்தார். “தள்ளுங்க, நான் நிறுத்தறேன்.” நிறுத்தினார். திறந்தது. திரும்ப நிறுத்தினார். திரும்பவும் திறந்தது.

“ஒவ்வொரு தடவையும் கேக்காம வேகமா இருக்கட்டும்னுதான் அப்படி எழுதினேன்” என்றார் மெதுவாக. எனக்கு அவர் மேல் இருந்த கோபம் பாதி போயிற்று. மீதி இருக்கிறது. இருக்கட்டும்.

மேலாளர் அறிக்கையை ஃபைலுக்குள் தள்ளப் பார்த்தார். கையை நீட்டி வாங்கி நானே கிழித்தேன்.

“அறிக்கை வேணும்னா நடந்ததை அப்படியே நான் எழுதித் தர்றேன் சார். அதுல கையெழுத்தும் போடறேன்.”

மார்ச் 20, வியாழன்

இன்று நிஜக் கிளஸ்டரில். பட்டப்பகலில், டாக்டர்கள் எல்லோரும் ரிப்போர்ட் பார்க்கும் நேரத்தில்தான் செய்வேன் என்று அடம்பிடித்து அனுமதி வாங்கியிருந்தேன். ஒரு மெஷின் விடாமல், ஒன்றன்பின் ஒன்றாகக் காலி செய்து, நிறுத்தி, எழுப்பினேன். எழுந்த கன்டெய்னர்களில் ஒன்றின் எண்கூட எனக்குத் தெரியாது. மனப்பாடத்துக்கும் தெரியாது.

டீ குடித்துவிட்டு வந்து உட்கார்ந்தேன். மேலாளர் கவலையோடு வந்து நின்றார். டாக்டர்கள் போன் செய்தால் பதில் சொல்ல ஆட்களை உட்கார வைத்திருக்கிறாராம்.

“எப்ப மேடம் ஆரம்பிக்கப் போறீங்க?”

“முடிஞ்சிடுச்சு சார்.”