சத்தமில்லாமல் சொன்ன வசனம்

அண்ணே,

தலத்தெருவில் உங்கள் வீட்டில் இன்று உங்கள் படத்துக்கு மாலை மாற்றினார்கள். புது மல்லிகை வாசம் மூக்கில் ஏறியதும் எனக்கு அந்தப் பிளாஸ்டிக் மாலைதான் நினைவுக்கு வந்தது. இதே படத்துக்கு, நீங்கள் உயிரோடு இருக்கும்போதே டிவி தொடரில் போட்ட மாலை. எனக்கு எழுத்து தெரியாது. நான் சொல்ல, உங்கள் மகள் எழுதுகிறாள்.

முப்பது வருஷம் சினிமாவில் பெண்ணைப் பெற்றவராகவும், போலீஸ் ஸ்டேஷன் வாசலில் கும்பிட்டு நிற்பவராகவும் வந்து போனீர்கள். ஊரில், கருக்களாச்சேரியில், நாங்கள் உங்களைத் திரையில் கண்டுபிடித்துக் கை தட்டுவதற்குள் கதாநாயகன் வந்துவிடுவான். கடைசியில்தான் அந்தத் தொடரில் தாத்தா வேஷம் கிடைத்தது. “பேரு போடுறாங்கடா, தனியா!” என்று என் தோளைப் பிடித்துக் குலுக்கினீர்கள்.

அதற்குள் மறதி வந்துவிட்டது. முதலில் வீட்டுச் சாவி, பிறகு வசனம். வெளியே தெரிந்தால் வேஷம் போய்விடும் என்று என்னைத் துணைக்குச் சென்னைக்கு அழைத்துப் போனீர்கள். மேக்கப் போடும்போது வசனத் தாளை ஒருமுறை வாசிப்பீர்கள். கேட்டு மனப்பாடம் செய்ய எனக்கு அது போதும். பேசுவதை அங்கேயே ஒலிப்பதிவு செய்ததால், நான் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று சத்தமில்லாமல் வாயசைப்பேன். என் உதட்டைப் பார்த்து நீங்கள் பேசுவீர்கள்.

“எங்கயோ பாத்துக்கிட்டே பேசுறாரே, அந்த சோகம் யாருக்கு வரும்!” என்று ஊரில் மீன் விற்கும் பெண்கள் மெச்சியதை வந்து சொன்னேன்.

“உன் மூஞ்சியப் பாத்தா சோகம் வராம என்னடா வரும்?” என்றீர்கள்.

ஒரு நாள், தாத்தா வாசலில் நிற்க மருமகள் கதவைச் சாத்தும் காட்சி. என் வாயைப் பார்த்தீர்கள், பிடிபடவில்லை. மூன்று தடவை அசைத்தேன். உங்கள் கண்ணில் பயம் வந்தது. என்னையறியாமல் கத்திவிட்டேன்: “கதவைச் சாத்தாதம்மா. நான் இன்னும் உள்ள வரல.”

ஒலிப்பதிவுக்காரர் காதில் மாட்டியிருந்ததைக் கழற்றினார். “யாருய்யா அது?” டைரக்டர் உங்களையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். அதன்பின் அவர்கள் கூப்பிடவே இல்லை.

இந்த இடத்தில் உங்கள் மகள் பேனாவை நிறுத்திவிட்டாள். “வயசாயிட்டுன்னு நிறுத்திட்டாங்கன்னு சொன்னீங்களே, சித்தப்பா?”

“பொய் சொன்னேம்மா. எழுது.”

பதினைந்து நாளில் தொடரில் தாத்தா செத்துப்போனார். இந்த வீட்டில் உட்கார்ந்துதான் பார்த்தோம். உங்கள் படம், பிளாஸ்டிக் மாலை, சுற்றிலும் அழுகை.

“யாருடா போயிட்டது?” என்று கேட்டீர்கள்.

“யாரோ பெரியவரு, அண்ணே.”

“நம்மளும் ஒரு எட்டு போயிட்டு வந்துடணும்” என்று எழுந்து சட்டையைத் தேடினீர்கள்.

மழைக்காலம் முடியுமுன் நிஜமாகவே போனீர்கள். சுடுகாட்டிலிருந்து நாங்கள் திரும்பியபோது வீட்டைக் கழுவிவிட்டிருந்தார்கள். நாங்கள் உள்ளே வந்ததும், ஈரத் தரையில் நின்று உங்கள் மகள் கதவைச் சாத்தினாள். அந்த வசனம் என் நாக்கில் இருந்தது, ஒரு சொல் பிசகாமல். வாய் மட்டும் அசைந்தது.

இன்றைக்கும் அந்தக் கதவைச் சாத்தும்போதெல்லாம் அசைகிறது, அண்ணே.