பதினொரு தடவை சிரித்த அக்காவுக்கு

அன்புள்ள மிச்சிகோ அக்கா,

முதலில் என் குற்றத்தை ஒப்புக்கொள்கிறேன். நீங்கள் நடித்த அந்தப் பழைய சினிமாவை நான் பார்க்கவில்லை. "நீ போய்ப் பார்த்துவிட்டு எனக்குச் சொல்" என்று ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபடி என் கையில் வைத்தீர்களே, அந்த டிக்கெட் கிழிபடாமல் உங்கள் போட்டோவுக்கு முன்னால் இருக்கிறது.

நீங்கள் போன பத்தொன்பதாம் நாளில் காட்சி வந்தது. சேலை மாற்றிக்கொண்டு வாசல்வரை வந்தவள் அப்படியே நின்றுவிட்டேன்.

"அக்கா எண்டு வாய் நிறையக் கூப்பிட்டனான். முப்பத்தொரு நாள் செத்தவீட்டுத் துடக்குக் கழியாமல் தியேட்டருக்குப் போக ஏலுமே?" என்று கேட்டேன்.

"இஞ்சாரும், அவ ஜப்பான்காரி. அவவுக்கு ஏது துடக்கு? போட்டு வாரும்" என்றார் என் கணவர்.

நான் போகவில்லை. முப்பத்தோராம் நாள் உங்களுக்குப் பிடித்த வெண்டிக்காய்ப் பால்கறி வைத்துப் படைத்தேன். மறுநாள் தியேட்டருக்கு போன் பண்ணினால், அந்தப் படம் ஒரே ஒரு காட்சிதானாம். என் ஆசாரத்தை எங்கே கொண்டுபோய்க் கொட்டுவது?

நாம் பேசத் தொடங்கிய நாள் நினைவிருக்கிறதா? இந்த மே மாதம்தான். வன்னிப் போரில் என் தம்பி இறந்துவிட்டான் என்று காலையில் செய்தி வந்தது. ரெய்னர்ஸ் லேனில் இருக்கும் எங்கள் மளிகைக் கடையைத் திறக்க வேறு ஆளில்லை. கல்லாவில் நின்று வந்தவர்களுக்கெல்லாம் சிரித்தேன். ஒருவருக்கும் தெரியவில்லை. நீங்கள் மட்டும் வெண்டிக்காய்ப் பையை வைத்துவிட்டு, "யார் இறந்தது?" என்று கேட்டீர்கள்.

தம்பிக்குத் துடக்கு நாள் எண்ண உடலும் இல்லை, திகதியும் இல்லை. அதனால்தானோ உங்களுக்கு அவ்வளவு கறாராக இருந்தேன்?

அன்று அரிசி மூட்டைகளுக்குப் பக்கத்தில் நின்று உங்கள் கதையைச் சொன்னீர்கள். பதினேழு வயதில் ஜப்பானில் ஒரு சினிமா ஸ்டூடியோவில் சேர்ந்தீர்கள். முதல் நாலு படங்களிலும் குடை பிடித்துத் தெருவில் நடக்கும் உங்கள் முதுகு மட்டும்தான் தெரிந்தது. ஐந்தாவதில் முகம் கிடைத்தது, சிரிக்கிற பஸ் கண்டக்டர் பெண்ணாக. படப்பிடிப்பன்று காலையில் அப்பா இறந்ததாகத் தந்தி. "சிரித்துக் கொடுத்துவிட்டுப் போ" என்றாராம் மேனேஜர். பதினொரு தடவை சிரித்தீர்கள். அந்தச் சிரிப்பே சுவரொட்டியில் வந்தது. பிறகு மூன்று வருடம் சிரிக்கிற பெண் வேடங்கள்தான். உங்கள் அம்மா சாகும்வரை உங்களோடு பேசவில்லை.

அந்த பஸ் கண்டக்டர் படத்தை நீங்கள் ஒருநாளும் பார்த்ததில்லை. "அந்த முகத்தில் துக்கம் தெரிகிறதா, இல்லை நான் உண்மையாகவே சந்தோஷமாக இருந்தேனா? எனக்கு அது தெரிய வேண்டும்" என்றீர்கள்.

ஒரு செய்தி, அக்கா. என் மகள் திரைப்படக் காப்பகத்துக்கு எழுதிக் கேட்டாள். சின்ன அறையில் எனக்குத் தனியாகப் போட்டுக் காட்டுவார்களாம். வரும் செவ்வாய்க்கிழமை கடையைப் பூட்டிவிட்டுப் போகிறேன்.

அன்று பின்னேரம் உங்கள் போட்டோவுக்கு முன்னால் உட்கார்ந்து, கண்டதைக் கண்டபடி சொல்வேன். பொய் சொல்ல மாட்டேன். சந்தோஷம்தான் தெரிந்தாலும் சொல்வேன். முதன்முதல் முகம் கிடைத்த பிள்ளை கொஞ்சம் சந்தோஷப்பட்டால்தான் என்ன? தம்பி போன அன்று கடைக்கு வந்த ஒரு கைக்குழந்தை என் மூக்கைப் பிடித்து இழுத்தது. அப்போது நான் உண்மையாகவே சிரித்தேன், அக்கா. இதை உங்களிடம்கூடச் சொல்லவில்லை.

உங்கள் கூடப்பிறக்காத தங்கச்சி,
யோகா
லண்டன், 2009